இரவல் கொடுக்கும் பாத்தியதை

விலை கொடுத்து வாங்கிய பொருளைச் சிநேகிதனுக்கு இரவல் கொடுக்கலாமா, தம்பிக்கு விட்டுக்கொடுக்கலாமா, அலுத்துப்போன பிறகு பாதி விலைக்குத் தள்ளிவிடலாமா என்றெல்லாம் சாதாரண ஜனங்கள் தங்களுக்குள் ஆலோசித்துக்கொண்டதாகச் சரித்திரத்தில் எங்கும் காணோம். ஏனென்றால் பொருள் கைக்கு வந்த கணத்திலேயே அந்தச் சுதந்திரங்களும் கூடவே வந்துவிட்டன. அவற்றை எவரும் தனியாக விற்கவும் இல்லை, தனியாக வாங்கவும் இல்லை. அந்தக் கேள்வியை எழுப்பியவர்கள் எப்போதும் விற்பவர்களே. 1904-ஆம் வருஷத்தில் அமெரிக்காவின் இண்டியானாபோலிஸ் நகரத்துப் பிரசுரகர்த்தர்களாகிய பாப்ஸ்-மெரில் கம்பெனியார், ‘தி காஸ்ட்அவே’ என்ற நாவலை வெளியிட்டபோது, அதை ஒரு டாலருக்குக் குறைத்து எந்த வியாபாரியும் விற்கலாகாது என்றும், விற்றால் பதிப்புரிமையைப் பங்கப்படுத்திய குற்றமாகும் என்றும் புத்தகத்துக்குள்ளேயே ஓர் எச்சரிக்கையை அச்சிட்டார்கள். நியூயார்க்கில் மேஸீஸ் என்ற பெரிய அங்காடி மாளிகையை நடத்திவந்த ஸ்ட்ராஸ் சகோதரர்களோ அதைப் பொருட்படுத்தாமல் 89 சென்டுக்கு விற்றார்கள். வழக்கு சுப்ரீம் கோர்ட் வரையில் போயிற்று. 1908-இல் நீதிபதிகள், முதல் விற்பனையோடு அந்தப் பிரதியின் மீது பிரசுரகர்த்தருக்கு இருந்த ஆதிக்கம் தீர்ந்துவிட்டது என்று சொல்லிவிட்டார்கள். சகோதரர்களில் மூத்தவராகிய இஸிடர் ஸ்ட்ராஸ் நான்கு வருஷங்களுக்குப் பின் டைட்டானிக் கப்பலோடு மூழ்கிப்போனார்; உலகம் அவரை நினைப்பது அந்த மரணத்துக்காகத்தான் என்றாலும், பழைய புத்தகக் கடைக்காரர்களும் பிற்காலத்தில் பழைய வீடியோ கேம் கடைக்காரர்களும் அவருடைய பிடிவாதத்துக்கும் ஒரு நன்றி பாக்கி வைத்திருக்கிறார்கள்.

1983-இல் ஜப்பானின் நிண்டெண்டோ கம்பெனியார் ஃபாமிகாம் என்ற யந்திரத்தை விற்கத் தொடங்கிய காலத்தில், வீடியோ கேம் என்பது உள்ளங்கையளவு பிளாஸ்டிக் கூட்டுக்குள் அடைபட்ட சிப்பாக இருந்தது. அந்தக் கேட்ரிட்ஜின் விலை ஒரு பள்ளிக்கூடத்துப் பையனுடைய பல மாதக் கைச்செலவை விழுங்கிவிடுமாதலால், ஒருவன் ஒன்றையும் மற்றவன் வேறொன்றையும் வாங்கி மாற்றிக்கொள்வது எவரும் போதிக்க வேண்டாத பொருளாதாரமாயிற்று. இதில் ஒரு விநோதமும் உண்டு. 1987-இல் அமெரிக்காவில் தங்கநிறக் கூட்டில் வெளிவந்த ‘தி லெஜண்ட் ஆஃப் ஸெல்டா’ போன்ற சில விளையாட்டுகளில், ஆடியவன் எவ்வளவு தூரம் முன்னேறினான் என்ற விவரம் ஒரு சிறிய பாட்டரியின் தயவால் கேட்ரிட்ஜுக்குள்ளேயே தங்கியிருந்தது. அந்த விளையாட்டில் மூன்று பேர்களுக்கு இடம் உண்டு. ஆகவே இரவல் வாங்கியவன் விளையாட்டோடு சேர்த்து அதன் சொந்தக்காரனுடைய பல வாரத்து உழைப்பையும் வீட்டுக்குக் கொண்டுபோனான். அவன் பெயரை அழித்துவிட்டுத் தன் பெயரை எழுதாமல் திருப்பிக் கொடுப்பது, எந்தச் சட்டப் புத்தகத்திலும் இடம்பெறாத ஒரு மரியாதை. அந்த மரியாதை மீறப்பட்ட வீடுகளில் சகோதரர்களுக்குள் மூண்ட யுத்தங்களுக்கும் சரித்திரம் எழுதப்படவில்லை.

கம்பெனிகளுக்கு இந்தக் கைமாற்றலில் ஒருபோதும் சந்தோஷம் இருந்ததில்லை. ஜப்பானில் உரிமையாளரின் சம்மதமின்றி விளையாட்டுகளை வாடகைக்கு விடச் சட்டமே இடம் தரவில்லை. அமெரிக்காவில் அந்தத் தடை இல்லாதபடியால், பிளாக்பஸ்டர் என்ற வீடியோ வாடகைக் கடைகளின் மீது 1989-இல் வழக்குத் தொடுத்த நிண்டெண்டோ, விளையாட்டை வாடகைக்கு விட்டதற்காக வழக்காட முடியாமல், அதனோடு வரும் விளக்கப் புத்தகத்தைப் போட்டோகாப்பி எடுத்ததற்காக வழக்காட வேண்டியதாயிற்று. மறு வருஷம் அமெரிக்கக் காங்கிரஸ் கம்ப்யூட்டர் நிரல்களை வாடகைக்கு விடுவதைத் தடுத்துச் சட்டம் செய்தபோதும், விளையாட்டு யந்திரங்களுக்கான கேட்ரிட்ஜுகளை அதிலிருந்து விலக்கிவிட்டது. ஜப்பானிலும் பழைய விளையாட்டுகளை விற்கும் கடைகளை மூடிவிடக் கம்பெனிகள் செய்த நெடிய பிரயத்தனம், 2002 ஏப்ரல் 25-ஆம் தேதி அந்நாட்டு உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்போடு முறிந்தது. விளையாட்டும் சினிமாவைப் போன்ற படைப்பே என்று ஒப்புக்கொண்ட அதே நீதிபதிகள், ஒரு தடவை விற்ற பிரதியைப் பின்தொடரும் அதிகாரம் தயாரிப்பாளருக்கு இல்லை என்றார்கள். கோர்ட்டுகளில் தோற்றுக்கொண்டே வந்த ஒரு வாதம் பிறகு எவ்வாறு ஜயித்தது என்றால், வாதத்தை மாற்றியல்ல, பொருளையே மாற்றி.

பொருளில்லாமல் விளையாட்டை மட்டும் வீட்டுக்கு அனுப்பும் யோசனை ஃபாமிகாமுக்குச் சமகாலத்தது. அடாரி 2600 யந்திரத்துக்கு டெலிபோன் கம்பி வழியாக விளையாட்டுகளை அனுப்பும் கேம்லைன் என்ற சேவை 1983-இல் அமெரிக்காவில் தோன்றி, அடாரி வியாபாரத்தோடு சேர்ந்தே வீழ்ந்தது. அதன் இடிபாடுகளிலிருந்து எழுந்த ஸ்தாபனந்தான் பின்னால் அமெரிக்கா ஆன்லைன் என்று உலகப் பிரசித்தி பெற்றது. யந்திரத்தை அணைத்தால் விளையாட்டும் மறைந்துவிடும் அந்த ஏற்பாட்டில் இரவல் கொடுக்க எதுவுமே மிஞ்சவில்லை. மூன்று வருஷங்கள் கழித்து நிண்டெண்டோ செய்த ஏற்பாடு வேறு ரகம்: ஜப்பானியக் கடைகளில் ‘டிஸ்க் ரைட்டர்’ என்ற பெட்டிகளை நிறுத்தி, வீட்டிலிருந்து கொண்டுவரும் டிஸ்கில் 500 யென்னுக்குப் புதிய விளையாட்டை எழுதிக் கொடுத்தார்கள். பழைய விளையாட்டு அழிந்து புதியது வரும். ஆனால் டிஸ்க் டிஸ்காகவே இருந்தபடியால், அதைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போவதற்கு எவருடைய உத்தரவும் வேண்டியிருக்கவில்லை. எழுத்து கம்பெனியுடையது, பலகை வாங்கியவனுடையது என்ற இந்தப் பாகப்பிரிவினையை, அதற்குப் பின் வந்தவர்கள் நெடுங்காலம் மறந்திருந்தார்கள்.

உண்மையான மாறுதல் 2005, 2006 வருஷங்களில் மூன்று கம்பெனிகளும் தங்கள் யந்திரங்களுக்குள்ளேயே கடை திறந்தபோது வந்தது. கடையில் வாங்கிய விளையாட்டு யாருடையது என்ற கேள்விக்கு மூவரும் மூன்று விதமாக விடை சொன்னார்கள். மைக்ரோஸாப்ட் தன் எக்ஸ்பாக்ஸ் 360-இல் இரண்டு பூட்டுகளை வைத்தது: வாங்கிய யந்திரத்தில் யார் வேண்டுமானாலும் ஆடலாம், வாங்கியவர் தம் கணக்கோடு இணையத்தில் நுழைந்தால் எந்த யந்திரத்திலும் ஆடலாம். நிண்டெண்டோ வீ யந்திரத்தில், மனிதரைப் பற்றி ஒன்றும் விசாரிக்காமல், விளையாட்டை யந்திரத்தோடு பிணைத்துவிட்டது. யந்திரம் கெட்டுப்போனால் கம்பெனியின் பழுதுபார்க்கும் நிலையத்தைச் சரணடைந்துதான் உடைமைகளை மீட்கவேண்டும். ஸோனியோ தன் ப்ளேஸ்டேஷன் 3-இல் விளையாட்டைக் கணக்கோடு சேர்த்து, ஒரு கணக்கை ஐந்து யந்திரங்களில் பதிவு செய்துகொள்ளலாம் என்று சொல்லிற்று. தாராளத்தில் முதலிடம் ஸோனிக்கே என்பதில் சந்தேகமில்லை.

மைக்ரோஸாப்டின் இரண்டு பூட்டுகளில் உள்ள சங்கடம் வெகு சீக்கிரம் வெளிப்பட்டது. எக்ஸ்பாக்ஸ் 360 யந்திரங்கள் முகப்பில் செந்நிற வளையம் ஒளிர்ந்து செத்துப்போகும் வியாதிக்கு ஆளாயின. 2007 ஜூலையில் கம்பெனி நூறு கோடி டாலருக்கு மேற்பட்ட செலவை ஏற்றுக்கொண்டு உத்தரவாதத்தை மூன்று வருஷமாக நீட்டியது. பழுதான யந்திரத்துக்குப் பதிலாக வேறொன்று வந்தபோது, அது விளையாட்டுகளை வாங்கிய யந்திரமல்ல. ஆகவே வாங்கியவர் இணையத்தில் இருந்தாலன்றி அந்த விளையாட்டுகள் திறக்கவில்லை. தகப்பனார் வாங்கியதைப் பிள்ளை தன் கணக்கில் ஆட முடியவில்லை. உரிமைகளை ஒரு யந்திரத்திலிருந்து இன்னொன்றுக்கு மாற்றும் சௌகரியத்தை 2008-இல் ஏற்படுத்திக் கொடுத்தார்கள். அந்தச் சௌகரியத்தின் புத்திர பாக்கியந்தான் பின்னாளில் எக்ஸ்பாக்ஸ் உலகமெங்கும் பரவிய பங்கீட்டுத் தந்திரம். அதற்குப் பின்னர் வருகிறேன்.

ஸோனியின் ஐந்து என்ற எண் எதை உத்தேசித்து வைக்கப்பட்டது என்பதை ஊகிப்பது கஷ்டமல்ல: ஒரு வீட்டில் கூடத்துக்கு ஒன்று, பிள்ளைகள் அறைக்கு ஒன்று, பழையது ஒன்று, பழுதாகி மாற்றியது ஒன்று என்று எண்ணிப் பார்த்தாலும் ஐந்துக்கு மேல் போகாது. ஜனங்கள் அந்த எண்ணை வேறு விதமாகப் படித்தார்கள். பதினைந்து டாலர் விளையாட்டு ஒன்றை ஐந்து பேர் சேர்ந்து ஆளுக்கு மூன்று டாலர் போட்டு வாங்கினால், ஒருவருடைய கணக்கில் வாங்கி, அந்தக் கணக்கின் பெயரையும் பாஸ்வேர்டையும் மற்ற நால்வருக்கும் சொல்லிவிட்டால், ஒவ்வொருவரும் தத்தம் யந்திரத்தில் அதை இறக்கிக்கொண்டு, பிறகு தம் சொந்தக் கணக்கிலேயே ஆடலாம். ‘கேம்ஷேரிங்’ என்ற பெயரில் இந்த வழக்கம் வேரூன்றியது. ஆரம்பத்தில் ஒரே தெருப் பையன்களாகவும் ஒரே கல்லூரி மாணவர்களாகவும் இருந்த ஐவர், போகப்போக ஒருவரையொருவர் கண்ணால் கண்டறியாத ஐவராக மாறினார்கள். ஒரு ஐவர் குழுவில் சேருவதற்கு யோக்கியதாம்சம் நாணயந்தான் என்பதால், முன்பு யாரோடெல்லாம் பங்குபோட்டுக் குறைவின்றி நடந்துகொண்டார் என்பதைச் சாட்சியங்களோடு காட்டவேண்டிய ஒரு சம்பிரதாயமும் வளர்ந்தது. பாஸ்வேர்டைத் தெரிந்துகொண்டவன் அதை மாற்றிவிட்டுக் கணக்கையே அபகரித்துப் போகலாம். ஐந்தாம் இடத்தை இரண்டு பேருக்கு விற்கலாம். அவ்வாறு செய்தவர்கள் உண்டு. ஆனாலும் முகந்தெரியாத மனிதர்களிடம் தம் சாவியைக் கொடுத்துவைத்து வருஷக்கணக்கில் நிம்மதியாக இருந்தவர்களும் உண்டு என்பதுதான் எனக்கு அதிசயமாகப் படுகிறது. சீட்டு நிறுவனங்களைப் பற்றிய ஆயிரம் எச்சரிக்கைகளைக் கேட்ட பிறகும் நம்மவர்கள் தெருக்கோடி மாமியிடம் மாதச் சீட்டுக் கட்டுவது இதே விதமான நம்பிக்கையினால்தான்.

இதனால் விளையாட்டுகளைச் செய்தவர்களுக்கு நஷ்டம் இல்லை என்று வாதிப்பது நேர்மையாகாது. சிறிய குழுக்கள் சொற்ப மூலதனத்தில் செய்து, டிஸ்க் வடிவமே இல்லாமல் அந்த ஒரே கடையை நம்பி வெளியிட்ட விளையாட்டுகளுக்கு, ஐந்து பேரில் ஒருவர் மட்டுமே பணம் கொடுத்தார் என்றால் அந்த இழப்பு கற்பனையானதன்று. ஆனால் அதற்குச் செய்த பரிகாரங்களில் முதலாவது, வியாதியைக் காட்டிலும் கொடியதாக இருந்தது. 2010-இல் காப்காம் கம்பெனியார் ப்ளேஸ்டேஷனில் வெளியிட்ட ‘ஃபைனல் ஃபைட்: டபிள் இம்பாக்ட்’ என்ற விளையாட்டு, வாங்கியவருடைய கணக்கு இணையத்தில் இருக்கும்போது மட்டுமே திறந்தது, தனியாக உட்கார்ந்து ஆடினாலும் அதே நிபந்தனைதான். மறு வருஷம் ஏப்ரலில் ஸோனியின் கணினிகளுக்குள் திருடர்கள் புகுந்து, 7 கோடியே 70 லட்சம் கணக்குகளின் விவரங்கள் அம்பலமாகி, சேவை முழுவதும் மூன்று வாரங்களுக்கு மேல் நிறுத்திவைக்கப்பட்டபோது, அந்த விதமான விளையாட்டுகளை நியாயமாகப் பணம் கொடுத்து வாங்கியிருந்தவர்களுங்கூடத் தம் வீட்டில் தம் யந்திரத்தில் அவற்றை ஆட முடியாமல் போயிற்று. களவு போகாமலிருக்கப் பூட்டிய பூட்டுக்குச் சாவி கம்பெனியிடம் இருந்தது. கம்பெனியின் வீடே களவு போயிற்று. அந்த வருஷம் நவம்பர் 18-ஆம் தேதி முதல் வாங்கப்படும் விளையாட்டுகளுக்கு ஐந்து என்ற எண்ணை இரண்டாகக் குறைத்து ஸோனி உத்தரவிட்டது. ஐவர் குழுக்கள் கலைந்தன. இருவர் கூட்டு என்பது அன்றிலிருந்து இந்த வழக்கத்தின் நிலையான அளவாயிற்று.

இப்போது 2013-ஆம் வருஷத்து மே, ஜூன் மாதங்களுக்கு வருகிறோம். இந்தச் சரித்திரத்தில் நாடகம் என்று சொல்லத்தக்கது இந்த ஒரு மாதந்தான். ஆகவே அதைச் சற்று நிதானமாகச் சொல்லவேண்டும்.

மே 21-ஆம் தேதி மைக்ரோஸாப்ட் தன் புதிய யந்திரமாகிய எக்ஸ்பாக்ஸ் ஒன்னை அறிமுகப்படுத்தியது. டிஸ்கில் வாங்கிய விளையாட்டை இரவல் கொடுக்க முடியுமா என்ற கேள்விக்கு அன்று நிர்வாகிகள் ஒருவருக்கொருவர் முரணாக விடை சொன்னார்கள். ஜூன் 6-ஆம் தேதி எழுத்து மூலமான விளக்கம் வெளிவந்தது. டிஸ்க் என்பது விளையாட்டை யந்திரத்துக்குள் ஏற்றுவதற்கான வாகனம் மட்டுமே. ஏற்றிய பின் அது கணக்கின் சொத்து. யந்திரம் 24 மணி நேரத்துக்கு ஒரு தடவையாவது கம்பெனியோடு பேசவேண்டும், வேறொருவர் யந்திரத்தில் தம் விளையாட்டை ஆடுகிறவர் மணிக்கு ஒரு தடவை. டிஸ்கைச் சிநேகிதருக்குத் தானமாகக் கொடுக்கலாம். ஆனால் அந்தச் சிநேகிதர் குறைந்தபட்சம் 30 நாட்களாகச் சிநேகிதர் பட்டியலில் இருந்தவராக இருக்கவேண்டும், ஒரு விளையாட்டை ஒரே ஒரு தடவைதான் அவ்வாறு கொடுக்கலாம். இரவலுக்கும் வாடகைக்கும் தற்போதைக்கு வழியில்லை. இத்தனை நிபந்தனைகளுக்கு நடுவில் ஒரு சலுகையும் இருந்தது: குடும்பத்தினர் என்று பத்துப் பேர் வரையில் குறித்துக்கொள்ளலாம், அவர்கள் உலகத்தின் எந்த மூலையில் இருந்தாலும், சொந்தக்காரரின் விளையாட்டு நூலகம் முழுவதையும், ஒரு சமயத்தில் ஒருவராக, தங்கள் யந்திரத்தில் எடுத்து ஆடலாம்.

நட்புக்கு வயது முப்பது நாள் ஆகவேண்டும் என்று ஒரு வியாபார ஸ்தாபனம் விதி செய்ததைப் படித்து ஜனங்கள் சிரித்தார்கள், பிறகு கோபித்துக்கொண்டார்கள். ஜூன் 10-ஆம் தேதி லாஸ் ஏஞ்சலஸ் நகரத்தில் நடந்த வருஷாந்தர விளையாட்டுக் கண்காட்சியில் ஸோனியின் அமெரிக்கத் தலைவர் ஜாக் ட்ரெட்டன் மேடையேறி, ப்ளேஸ்டேஷன் 4-இல் பழைய விளையாட்டுகளுக்குத் தடை எதுவும் இராது, டிஸ்கை விற்கலாம், இரவல் கொடுக்கலாம், என்றென்றைக்கும் வைத்துக்கொள்ளலாம் என்று அறிவித்தபோது எழுந்த கரகோஷம் ஓய வெகுநேரம் பிடித்தது. யோசித்துப் பார்த்தால், அவர் புதிதாக எதையும் கொடுத்துவிடவில்லை. நேற்று வரையில் இருந்தது நாளைக்கும் இருக்கும் என்று சொன்னார், அவ்வளவே. ஸ்ட்ராஸ் சகோதரர்கள் காலத்திலிருந்து கேட்பாரற்று அனுபவித்துவந்த ஒரு பாத்தியதை, ஒரே வாரத்தில் கைதட்டிப் பெறவேண்டிய வெகுமதியாக மாறிவிட்டது. அன்றே ஸோனி ஒரு குறும்படத்தையும் வெளியிட்டது. விளையாட்டைப் பகிர்ந்துகொள்ளும் முறை இது என்ற முகவுரையோடு, ஷுஹெய் யோஷிதா என்ற அதிகாரி டிஸ்க் பெட்டியை எடுத்து ஆடம் பாய்ஸ் என்ற சக அதிகாரியின் கையில் கொடுக்கிறார்; அவர் நன்றி சொல்லி வாங்கிக்கொள்கிறார்; படம் முடிந்தது. முழுவதும் அரை நிமிஷங்கூட இல்லை. அதே மேடையில் யந்திரத்தின் விலையும் 399 டாலர் என்று அறிவிக்கப்பட்டது; மைக்ரோஸாப்ட் சொன்ன விலை 499. இந்த நூறு டாலருக்கும் அந்தக் கரகோஷத்துக்கும் பின்னால் வந்த விற்பனை வித்தியாசத்தில் தனித்தனியே எவ்வளவு பங்கு என்பதை நான் நிர்ணயிக்கப் போவதில்லை.

ஒன்பதே நாளில், ஜூன் 19 அன்று, மைக்ரோஸாப்டின் எக்ஸ்பாக்ஸ் பிரிவுக்குத் தலைவரான டான் மாட்ரிக் எல்லா நிபந்தனைகளையும் வாபஸ் வாங்கினார். பத்துப் பேர் குடும்பமும் அவற்றோடு சேர்ந்து போயிற்று. சில வாரங்களில் அவரும் கம்பெனியை விட்டு வேறு ஸ்தாபனத்துக்குப் போய்விட்டார். அந்தப் பத்துப் பேர் ஏற்பாடு காலத்தை முந்திப் பிறந்த நல்ல யோசனை என்று அனுதாபப்படுகிறவர்கள் இன்றும் இருக்கிறார்கள். எனக்கும் அதில் ஓரளவு உடன்பாடே. கடல் கடந்து வசிக்கும் தமையனும் தங்கையும் ஒரே நூலகத்தில் கைவைப்பது என்பது டிஸ்க் ஒருபோதும் செய்திருக்க முடியாத காரியம். ஆனால் கையில் இருப்பதை முதலில் ஒப்படையுங்கள், அதைவிடப் பெரியதைப் பிறகு எங்கள் அனுமதியோடு பெற்றுக்கொள்ளலாம் என்று கேட்கிறவனிடம், அவன் எத்தனை பெரிய மனிதனாக இருந்தாலும், ஜனங்கள் சந்தேகத்தோடுதான் பேசுவார்கள்.

ஒரு வேடிக்கை என்னவென்றால், வாபஸ் வாங்கப்பட்ட குடும்பம் பின்கதவு வழியாக உள்ளே வந்துவிட்டது. எக்ஸ்பாக்ஸ் ஒன்னிலும் ப்ளேஸ்டேஷன் 4-இலும் ஒவ்வொரு கணக்குக்கும் ஒரு யந்திரத்தை வீட்டு யந்திரம் அல்லது முதன்மை யந்திரம் என்று குறிக்கவேண்டும். அதில் அந்தக் கணக்கு வாங்கியதை எவரும் ஆடலாம். கணக்குக்காரரோ இணையத்தில் இருந்தால் வேறெந்த யந்திரத்திலும் ஆடலாம். இரண்டு சிநேகிதர்கள் தங்களுக்குள் ஒப்பந்தம் செய்துகொண்டு, இவன் தன் வீட்டு யந்திரமாக அவனுடையதையும், அவன் தன் வீட்டு யந்திரமாக இவனுடையதையும் குறித்துக்கொண்டால், இருவர் வாங்கியதும் இருவருக்கும் உண்டு. ஒரே விளையாட்டை ஒரு தடவை வாங்கி இருவரும் ஏககாலத்தில் சேர்ந்தே ஆடவும் செய்யலாம். கேட்ரிட்ஜ் காலத்தில்கூட இந்தச் சலுகை கிடையாது, இரவல் கொடுத்தவன் அது திரும்பி வரும் வரையில் கைகட்டி இருக்கவேண்டும். கம்பெனிகள் இதை அறியாதவை அல்ல. எக்ஸ்பாக்ஸில் வீட்டு யந்திரத்தை வருஷத்துக்கு ஐந்து தடவைக்கு மேல் மாற்றலாகாது என்றும், ப்ளேஸ்டேஷனில் எல்லா யந்திரங்களின் பதிவையும் ஒருங்கே ரத்துசெய்வதை ஆறு மாதத்துக்கு ஒரு தடவைதான் செய்யலாம் என்றும் வேலி போட்டுவிட்டு, வேலிக்குள் நடப்பதைக் காணாதவை போல் இருந்தன. பிரேசிலில் வியாபாரிகள் இந்த வேலிக்குள்ளேயே ஒரு சந்தையை ஏற்படுத்தினார்கள்: ஒரு கணக்கில் ஒரு விளையாட்டை வாங்கி, முதன்மை உரிமையை ஒருவருக்கு ஒரு விலைக்கும், இணையத்தோடு மட்டுமே திறக்கும் இரண்டாம் உரிமையை இன்னொருவருக்குக் குறைந்த விலைக்கும் விற்றார்கள். கம்பெனிகளின் விதிகளுக்கு இது முற்றிலும் விரோதம். ஆனால் வரியும் நாணய மாற்றும் சேர்ந்து விளையாட்டின் விலையைச் சாமானியர் கைக்கு எட்டாமல் உயர்த்திவிட்ட நாட்டில் விதியைப் பற்றிக் கவலைப்பட எவருக்கும் அவகாசம் இருக்கவில்லை.

பரிசின் கதை இரவலின் கதையைப் போல விறுவிறுப்பானதல்ல; சுருக்கமாகச் சொல்லிவிடலாம். இதில் முந்திக்கொண்டது நிண்டெண்டோ. இரவலுக்கு வழியே வைக்காத அதே வீ யந்திரத்தின் கடையில், 2007 டிசம்பரில், பதினாறு இலக்க எண்களைப் பரிமாறிக்கொண்ட சிநேகிதருக்கு ஒரு விளையாட்டை வாங்கிப் பரிசாக அனுப்பும் வசதியை ஏற்படுத்தினார்கள். தான் வாங்கியதைக் கொடுக்க விடாதவர்கள், கொடுப்பதற்காகவே இன்னொன்று வாங்குவதை வரவேற்றார்கள் என்பதில் ஆச்சரியப்பட என்ன இருக்கிறது! எக்ஸ்பாக்ஸ் கடையில் புதிய விளையாட்டைப் பரிசாக அனுப்பும் வசதி 2017-இன் பிற்பகுதியில் வந்தது. அனுப்புகிறவரும் பெறுகிறவரும் ஒரே தேசத்தவராக இருக்கவேண்டும், ஏனெனில் விலை தேசத்துக்குத் தேசம் வேறு. ஸோனியின் விளையாட்டுகளுக்கு, கடைகளில் அச்சிட்ட ரகசிய எண்ணை வாங்கிப் பரிசளிக்கும் வழக்கம் இருந்தது. 2019 ஏப்ரல் முதல் முழு விளையாட்டுகளுக்கு அந்த எண்களைக் கடைகளில் விற்பதைக் கம்பெனி நிறுத்திக்கொண்டு, பணமதிப்புள்ள அட்டைகளை மட்டும் மிச்சம் வைத்தது. இன்ன விளையாட்டு உனக்குப் பிடிக்கும் என்று தேர்ந்து கொடுப்பதில் உள்ள அன்பு, பண அட்டையில் எங்கிருந்து வரும்? 2018-இல் ‘எ வே அவுட்’ என்ற விளையாட்டைச் செய்தவர்கள் வேறொரு மார்க்கம் கண்டார்கள்: சிறையிலிருந்து தப்பும் இரண்டு கைதிகளின் கதையான அதை இருவர் சேர்ந்தே ஆட முடியும், ஆகவே ஒருவர் வாங்கினால் போதும், இணையத்தின் வழியே கூட ஆடும் சிநேகிதருக்கு இலவசம். இரவலை விளையாட்டின் அமைப்புக்குள்ளேயே கட்டிவைத்த இந்த உதாரணத்தைப் பின்பற்றியவர்கள் அதிகமில்லை.

கோர்ட்டுகள் இதற்கிடையே சும்மா இருக்கவில்லை. 2012-இல் ஐரோப்பிய நீதிமன்றம், ஆரக்கிள் கம்பெனியின் நிரல்களை டவுன்லோட் செய்து வாங்கியவர், தம் பிரதியை அழித்துவிட்டு உரிமையைப் பிறருக்கு விற்கலாம் என்று தீர்ப்பளித்தது. பழைய 1908 நியாயம் புதிய உடுப்பில் வந்துவிட்டதென்று பலர் நம்பினார்கள். அந்த நம்பிக்கையில் பிரான்ஸ் தேசத்து நுகர்வோர் சங்கம் ஒன்று, கம்ப்யூட்டர் விளையாட்டுகளை விற்கும் ஸ்டீம் கடையின் மீது தொடுத்த வழக்கில் 2019-இல் பாரிஸ் கோர்ட்டு சங்கத்தின் பக்கமே நின்றது. 2022-இல் அப்பீல் கோர்ட்டு அதைத் தள்ளிவிட்டது: விளையாட்டு வெறும் நிரல் அல்ல, சித்திரமும் சங்கீதமும் கதையும் சேர்ந்த படைப்பு, ஆகவே நிரல்களுக்கான நியாயம் அதற்குப் பொருந்தாது என்றார்கள். 2024 அக்டோபரில் பிரான்ஸின் உச்ச நீதிமன்றமும் அதையே உறுதிசெய்தது. இருபத்திரண்டு வருஷங்களுக்கு முன் ஜப்பானிய நீதிபதிகள் விளையாட்டைச் சினிமாவோடு ஒப்பிட்டுவிட்டு விற்றவன் கையை விலக்கினார்கள். பிரெஞ்சு நீதிபதிகள் அதே போன்ற ஒப்பீட்டைச் செய்து வாங்கியவன் கையை விலக்கினார்கள். வித்தியாசம் முழுவதும் டிஸ்க் என்ற ஒரு வட்டத் தகட்டில் இருந்தது. கலிபோர்னியா ராஜ்யம் மட்டும் 2025 ஜனவரி முதல், இது உரிமம்தான், உடைமையல்ல என்று தெளிவாகச் சொல்லாமல் ‘வாங்கு’ என்ற சொல்லைப் பொத்தானில் போடலாகாது என்று சட்டம் செய்திருக்கிறது. உண்மையைச் சொல்லச் சொல்லும் சட்டமே தவிர, உண்மையை மாற்றும் சட்டமல்ல.

அந்த வருஷம் ஏப்ரல் கடைசியில் நிண்டெண்டோ தன் ஸ்விட்ச் யந்திரங்களில் புகுத்திய ஏற்பாடுதான் இந்த வரிசையில் கடைசியாகச் சொல்லவேண்டியது. டவுன்லோட் செய்து வாங்கிய ஒவ்வொரு விளையாட்டுக்கும் திரையில் ஒரு கற்பனைக் கேட்ரிட்ஜ் தோன்றுகிறது. அதை ஒரு யந்திரத்திலிருந்து ‘எடுத்து’ இன்னொன்றில் ‘போட’லாம், எடுத்த யந்திரத்தில் அந்த விளையாட்டு திறக்காது. எட்டுப் பேர் வரையில் கொண்ட குடும்பக் குழுவில் ஒருவருக்கு அதை 14 நாள் இரவல் கொடுக்கலாம். கொடுக்கும் சமயத்தில் இரண்டு யந்திரங்களும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தாகவேண்டும். தவணை முடிந்தால், கேட்காமலே சொந்தக்காரரிடம் திரும்பிவிடும். இந்த ஏற்பாட்டைப் பற்றி என் அபிப்பிராயம் இரண்டு பக்கமும் சாய்கிறது. முப்பது நாள் நட்பையும் பத்துப் பேர் குடும்பத்தையும் வரையறுக்கப் பார்த்தவர்களைவிட இவர்கள் புத்திசாலிகள்; ஜனங்களுக்கு ஏற்கனவே புரிந்திருந்த ஒரு பொருளின் குணங்களை அப்படியே படியெடுத்தார்கள். ஆனால் நேரில் சந்தித்தாக வேண்டும், கொடுத்தவன் ஆட முடியாது என்ற கேட்ரிட்ஜின் குறைகளையெல்லாம் சிரத்தையாகப் படியெடுத்தவர்கள், குடும்பத்துக்கு வெளியே எவனுக்கு வேண்டுமானாலும் கொடுக்கலாம், விற்கவும் செய்யலாம் என்ற அதன் குணத்தைப் படியெடுக்க மறந்துபோனார்கள். பழைய இருவர் கூட்டுக்குப் பழகியவர்கள் முணுமுணுத்தபோது, அமைப்புப் பக்கத்தில் ஒரு குறியைப் போட்டால் இணையத்தோடு முன்போல ஆடலாம் என்று வழி விட்டார்கள்.

ஜூன் 5-ஆம் தேதி ஸ்விட்ச் 2 யந்திரம் விற்பனைக்கு வந்தபோது அதனோடு வந்த ‘மாரியோ கார்ட் வேர்ல்ட்’ விளையாட்டுக்கு ஜப்பானில் இரண்டு விலைகள் குறிக்கப்பட்டிருந்தன. பெட்டியில் அடைத்த கேட்ரிட்ஜ் 9,980 யென். டவுன்லோட் 8,980 யென். நடுவிலுள்ள ஆயிரம் யென்னில் பிளாஸ்டிக்குக்கும் சிப்புக்கும் கடைக்காரருக்கும் போனது போக, அண்டைவீட்டுப் பையனுக்கு இரவல் கொடுப்பதற்கென்று எவ்வளவு வசூலிக்கிறார்கள் என்பதை ரசீதில் பிரித்துக் காட்டவில்லை.